ஓர் ஆளுக்கான ஆள்

பதினேழு வருடம் நான் தொழில்முறை பேஸ்பால் ஆடினேன். வேலை செய்த நேரத்தை மட்டும் கூட்டினால் நாலு நாள் தேறும். மீதி நேரம் மாட்டுப்பட்டியில் உட்கார்ந்து சூரியகாந்தி விதை கொறித்துக்கொண்டிருந்தேன்.

மாட்டுப்பட்டி என்று நாங்கள் சொல்வது மைதானத்தின் ஓரத்தில், வேலிக்குப் பின்னால், மாற்றுப் பந்துவீச்சாளர்கள் காத்திருக்கிற இடம். பெயர் வைத்தவன் எங்களைப் பார்த்துவிட்டுத்தான் வைத்திருக்க வேண்டும். ஆட்டத்தைத் தொடங்கி வைக்கிறவன் ராஜா. அவன் களைத்ததும் மேலாளர் ஃபோன் செய்வார், பட்டியிலிருந்து ஒருவனை அவிழ்த்து விடுவார்கள். கடைசி இன்னிங்ஸுக்குப் போகிறவனுக்குத் தனிப் பாட்டு போடுவார்கள், விளக்கை அணைத்து அணைத்து ஏற்றுவார்கள். நான் இந்த இரண்டு ரகத்திலும் சேர்த்தியில்லை. நான் இடக்கை. எதிரணியின் இடக்கை அடிகாரனுக்கு இடக்கைப் பந்து முதுகுக்குப் பின்னாலிருந்து புறப்பட்டு வருவது போலத் தெரியும். அதனால் அவன் மட்டையோடு வரும்போது என்னைக் கூப்பிடுவார்கள். அந்த ஒருவனை அவுட்டாக்குவேன். மேலாளர் நடந்து வந்து கையை நீட்டுவார். பந்தைக் கொடுத்துவிட்டுப் போய்விடுவேன். நாலு பந்து, சில நாள் இரண்டு. ஒருமுறை என் மனைவி ஜோலீன் ஹாட்-டாக் வரிசையில் நின்று திரும்பி வருவதற்குள் நான் வந்து, முடித்து, குளித்துத் தலையும் துவட்டியிருந்தேன்.

"இதுக்கா ஐந்நூறு மைல் கார் ஓட்டிட்டு வந்தேன்?" என்றாள்.

"கூடுதலா ரெண்டு பந்து போட்டிருக்கலாம். அந்தாளு முதல் பந்துலயே அவுட் ஆயிட்டான். நான் என்ன பண்ண?"

முதல் ஏழு வருடம் சின்ன ஊர்களில், பழைய பஸ்களில் கழிந்தது. பிறகு ஐந்து அணிகள் என்னைக் கழற்றிவிட்டன. ஆறாவதாக லூயிவில் அணி எடுத்துக்கொண்டது. எடுத்ததற்குக் காரணம் நான் இல்லை, ஹார்லன் டீக்.

டீக் மெம்ஃபிஸ் அணியின் இடக்கை அடிகாரன். கதவு நிலையில் தலை குனிந்து நுழைகிற உயரம், மீசை. அவன் அடித்த பந்துகளைத் தேடி எடுக்க ஆள் போடுவதில்லை, விட்டுவிடுவார்கள். எங்கள் வட்டாரத்தில் அவனைக் கண்டால் எல்லா வீச்சாளர்களும் ஒதுங்கப் பார்ப்பார்கள். நான் மட்டும் ஒதுங்க மாட்டேன். முப்பத்தொரு தடவை அவனுக்குப் பந்து வீசியிருக்கிறேன். அவன் என்னை உருப்படியாக அடித்தது இரண்டு தடவை. அதில் ஒன்று மட்டையின் கைப்பிடியில் பட்டு, செத்த கோழி மாதிரி, ஓடுகிறவன் மிதிக்க வேண்டிய மூன்றாம் தளத்தருகே விழுந்தது.

ஏன் அவனால் என்னை அடிக்க முடியவில்லை என்று எனக்கும் தெரியாது. என் பந்து வேகமில்லை. எங்கள் பட்டியில் பந்து பிடித்துப் பழக்குகிற மன்ரோ, "உன் பந்து வர்றதுக்குள்ள நான் ஒரு சாண்ட்விச் சாப்பிட்டுடலாம்டா" என்பான். ஆனாலும் டீக் சுற்றுவான், காற்றை வெட்டுவான், தலையை ஆட்டிக்கொண்டே திரும்பிப் போவான்.

ஏன் என்று நான் யாரையும் கேட்கவில்லை. பட்டியில் எழுதாத சட்டம் ஒன்று உண்டு: நன்றாக ஓடிக்கொண்டிருக்கிற எதைப் பற்றியும் வாயைத் திறக்கக் கூடாது. ஒருவன் இரண்டு மாதமாக ஒரே காலுறையைப் போட்டுக்கொண்டு ஜெயித்தால் மூக்கைப் பிடித்துக்கொள்ள வேண்டியதுதான். நான் என் ஆட்டத்தின் வீடியோவைக்கூடப் பார்க்க மாட்டேன்.

டீக்குக்கு முப்பத்தெட்டு வயது ஆனபோதுதான் எனக்குக் கவலை பிடித்தது. எனக்கு முப்பத்தாறு. அவன் இருக்கும் வரை லூயிவில்லில் எனக்கு ஒரு நாற்காலி உண்டு. அவன் போனால் நானும் போக வேண்டும். ஆக, உலகத்திலேயே அவன் ஆரோக்கியத்தில் அதிக அக்கறை கொண்ட மனிதன் நான்தான். அவன் மனைவிகூட எனக்கு அடுத்துதான். காலையில் செய்தித்தாளைத் திறந்தால் எங்கள் அணி ஜெயித்ததா என்று பார்ப்பதற்கு முன்னால் டீக்கின் இடது முழங்கால் எப்படி இருக்கிறது என்று தேடுவேன்.

ஞாயிற்றுக்கிழமைகளில் ஆட்டத்துக்கு முன்னால் மைதானத்தின் சலவை அறையில் ஒரு பத்து நிமிட ஜெபம் நடக்கும். துவைக்கும் இயந்திரங்களுக்கு நடுவே மடக்கு நாற்காலிகளைப் போட்டு உட்காருவோம். பாதிரியார் விட்லாக் ஒவ்வொருவரிடமும் யாருக்காக ஜெபிக்க வேண்டும் என்று கேட்பார். அந்த ஜூன் மாதம் என் முறை வந்தது.

"ஒரு முழங்காலுக்காக, பாஸ்டர்."

"உங்களுக்கு முழங்கால்ல வலியா, லைல்?"

"எனக்கில்ல. ஹார்லன் டீக்குக்கு. இடது கால்."

பாதிரியார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "அவரு எதிரணியாச்சே."

"சத்துருக்களை நேசிங்கன்னு போன வாரம் நீங்கதானே சொன்னீங்க."

பின்வரிசையில் மன்ரோ கையுறையில் முகத்தைப் புதைத்துக்கொண்டு குலுங்கினான். பாதிரியார் ஜெபித்தார். முழங்கால் குணமானது. அதில் மட்டும் ஆண்டவரைக் குறை சொல்ல முடியாது.

குழப்பம் வேறு பக்கமிருந்து வந்தது. மெம்ஃபிஸின் மேலாளர் கெல்லர் என்பவர். முப்பத்தொன்றுக்கு இரண்டு என்கிற கணக்கை யாரோ அவர் மேஜையில் வைத்துவிட்டார்கள். ஜூலையில் நான் பட்டியிலிருந்து ஓடிவந்து வீச்சாளன் நிற்கிற மண்மேட்டில் நின்றதும், கெல்லர் டீக்கை விரலசைத்துக் கூப்பிட்டு உட்காரவைத்துவிட்டு ஒரு வலக்கைப் பையனை அனுப்பினார். வலக்கைக்காரர்களுக்கு என் பந்து பிறந்தநாள் கேக் மாதிரி. அந்தப் பையன் அடித்தது ஒஹையோ ஆற்றில் விழுந்தது என்று சொல்கிறார்கள். நான் திரும்பிப் பார்க்கவில்லை. அடுத்த நாளும் அப்படியே நடந்தது. மூன்றாம் முறை கெல்லர் விரலைக்கூட அசைக்கவில்லை. நான் பட்டிக் கதவைத் திறந்ததுமே டீக் மட்டையைக் கீழே வைத்துவிட்டு, தானாகவே திரும்பி நடந்தான். அவ்வளவு பெரிய மனிதன் அவ்வளவு மெதுவாக நடந்து நான் பார்த்ததில்லை.

எங்கள் மேலாளர் பெட்ராக்கிஸை எல்லோரும் ஸ்கிப் என்போம். அவர் என்னை அறைக்குக் கூப்பிட்டார். காலை நனைத்து வைத்திருந்த வாளியிலிருந்து எடுக்காமலே பேசினார்.

"லைல், நீ பூட்டு. டீக் திருடன். சரிதானே?"

"சரி, ஸ்கிப்."

"திருடன் நம்ம தெருவுக்கே வர்றதில்லைன்னு ஆயிடுச்சு. அப்புறம் பூட்டு எதுக்கு?"

"திருடன் வராததுக்குக் காரணமே பூட்டுதானே, ஸ்கிப்."

அவர் வாளிக்குள் காலை மாற்றி வைத்தார். "நல்லாத்தான் பேசுற. ஆனா அந்த வலக்கைப் பயலுக மூணு பேரு உன்னை அடிச்சதுல நாம மூணு ஆட்டம் தோத்துட்டோம். ஆகஸ்ட் கடைசி வரைக்கும் பார்க்கிறேன்."

அங்கேதான் என் தலையெழுத்தின் நகைச்சுவை முழுதாகப் புரிந்தது. நான் அந்த மனிதனை அளவுக்கு மீறி நன்றாக அவுட்டாக்கிவிட்டேன். கொஞ்சம் மோசமாக வேலை செய்திருந்தால் இரண்டு பேர் பிழைப்பும் ஓடியிருக்கும். அவனையும் மெம்ஃபிஸில் முக்கியமான நேரத்தில் உட்காரவைக்கிறார்கள். அடுத்த வருடம் வேண்டாம் என்று பேச்சு கிளம்பிவிட்டது. எங்கள் இருவருக்கும் ஒரே மருந்துதான். அவன் என்னை ஒருமுறையாவது, எல்லோரும் பார்க்கும்படி, நன்றாக அடிக்க வேண்டும்.

இதை வாய்விட்டு யாரிடமும் சொல்ல முடியாது. ஜோலீனிடம் மட்டும் சொன்னேன்.

"ஒரு சுலபமான பந்தைப் போட்டுடேன். யாருக்குத் தெரியப்போகுது?" என்றாள்.

"எனக்குத் தெரியுமே."

"உனக்கு எது தெரியும், எது தெரியாதுன்னு எனக்குத் தெரியும்" என்று விளக்கை அணைத்தாள். அதன் அர்த்தம் எனக்கு அப்போது விளங்கவில்லை.

சந்தர்ப்பம் ஆகஸ்ட் முதல் வாரத்தில் வந்தது. எங்கள் ஊரில் ஆட்டம். ஏழுக்கு ஒன்று என்று நாங்கள் முன்னால் இருந்தோம். எட்டாவது இன்னிங்ஸ். ஒன்பது நாளாகப் பந்து வீசாத என் கை துருப்பிடித்துவிடுமோ என்று ஸ்கிப் என்னை அனுப்பினார். தோற்றுப்போன ஆட்டத்தில் எதற்கு மெனக்கெட வேண்டும் என்று கெல்லர் டீக்கை உட்காரச் சொல்லவில்லை. பல வாரங்களுக்குப் பிறகு நாங்கள் இருவரும் நேருக்கு நேர்.

ஆறு ரன் வித்தியாசம். வேலியைத் தாண்டி ஒரு ஹோம் ரன் அடித்தால் யாருக்கும் நஷ்டமில்லை என்று மனசாட்சிக்கு ஒரு லாலிபாப் கொடுத்துவிட்டு, நடுவில் நேராக, சுழற்சியே இல்லாமல் ஒன்றைப் போட்டேன். என் வாழ்க்கையில் அவ்வளவு பரிதாபமான பந்தைப் போட்டதில்லை. டீக் மட்டையை அசைக்கவில்லை. இத்தனை வருடமாக வளைந்து சறுக்கும் என் பந்தையே எதிர்பார்த்துப் பழகியவன், நேராக வந்ததை நம்பவில்லை. ஸ்ட்ரைக் ஒன்று, மூன்று சேர்ந்தால் அவுட். மறுபடி அதே பந்து. வாயைப் பிளந்துகொண்டு பார்த்தான். இரண்டு. மூன்றாவதாக இன்னும் மெதுவாக, இன்னும் நடுவாக, ஏறக்குறைய அவன் கையில் கொண்டுபோய்க் கொடுப்பது போலப் போட்டேன். சறுக்கும், சறுக்கும் என்று அவன் காத்திருந்தான். அது சறுக்காமலே போய்ச் சேர்ந்தது. அம்பயர் கையை உயர்த்தினார். மட்டையைத் தோளிலிருந்து எடுக்காமலே அவுட்.

கூட்டம் எழுந்து நின்று எனக்குக் கைதட்டியது. முப்பத்திரண்டுக்கு இரண்டு.

மறுநாள் மதியம் அடிப்பயிற்சி நடக்கும்போது டீக் என்னைத் தேடி வந்தான். ஆட்டத்துக்கு முன் எதிரணிக்காரனோடு நின்று அரட்டையடித்தால் அபராதம். அதனால் இரண்டு பேரும் வலைக்கூண்டுக்குப் பின்னால் குனிந்து காலணி நாடாவைக் கட்டுவது போலப் பாவனை செய்தோம். என் வயதுக்கு அது நல்ல யோசனையில்லை.

"நேத்து எனக்கு என்னடா போட்ட?"

"பந்து."

"பிச்சை போட்ட."

நான் நாடாவை அவிழ்த்து மறுபடி கட்டினேன். "அதைக்கூட நீ வாங்கிக்கலையே."

"ஏன்டா அப்படிப் பண்ண?"

"உன்னை உட்காரவைக்கிறாங்க. நீ உட்கார்ந்தா நானும் உட்காரணும். கொஞ்சம் சுயநலம், கொஞ்சம் பாசம். எது எவ்வளவுன்னு அளந்து பார்க்கல."

அவன் மீசையைத் தடவினான். "இங்க பாரு. உன்னை அடிச்சா உன் நிஜப் பந்தைத்தான் அடிப்பேன். அந்தப் பாழாப்போன சறுக்குப் பந்தை. இன்னொரு தடவை எனக்குத் தானம் பண்ணினா மட்டையோட மேட்டுக்கு ஏறி வந்துடுவேன்."

"சரி. ஒண்ணு கேட்கட்டுமா? என் பந்துல என்னதான் இருக்கு? எல்லாரும் அடிக்கிறாங்க. உன்னால ஏன் முடியல?"

அவன் என்னை விசித்திரமாகப் பார்த்தான். "உனக்கு நிஜமாவே தெரியாதா?"

"என்ன தெரியாதா?"

"உன் நாக்கு."

"என் நாக்குக்கு என்ன?"

"பந்தை விடும்போது வெளியே வருது. ஓரமா, மடிஞ்சு. கணக்குப் போடுற ஒண்ணாங்கிளாஸ் பையன் மாதிரி. பத்து வருஷமா பார்க்கிறேன். ஒவ்வொரு தடவையும் அடிவயித்துல இருந்து சிரிப்பு கிளம்பும். சிரிப்பை அடக்குறதா, பந்தைப் பார்க்கிறதா?"

பயிற்சியாளர் ஒருவர் எங்கள் பக்கம் வரவே, நாடாக்களை இறுக்கிக்கொண்டு பிரிந்தோம். என் காலணியில் ஏழு முடிச்சு இருந்தது.

நேராகப் பட்டிக்குப் போய் மன்ரோவைப் பிடித்தேன்.

"பந்து போடும்போது என் நாக்கு வெளியே வருதா?"

அவன் முகம் வெளுத்தது. "யாரு சொன்னா?"

"வருதா, இல்லையா?"

"ஓடுற வண்டியோட எஞ்சினை எவனாவது திறப்பானா? நாலு வருஷமா இந்தப் பட்டியில ஒருத்தனும் வாயைத் திறக்கல. போன வருஷம் வந்த சின்னப்பய ஒருத்தன் சொல்லப்போனான், வாயில துண்டை அடைச்சு உட்காரவச்சோம்."

வீட்டில் ஜோலீன் இன்னும் பச்சையாகச் சொன்னாள். "கல்யாண ஆல்பத்தை எடுத்துப் பாரு. கேக் வெட்டும்போதும் அப்படித்தான் இருக்கு. நான் என்னவோ அது என் மேல இருக்கிற ஆசைன்னு நினைச்சேன்."

பத்து வருடமாக என் பிழைப்பை ஓட்டியது என் இடது கை என்று நினைத்திருந்தேன். கைக்கு அதில் பெரிய பங்கில்லை என்பது முப்பத்தாறு வயதில் தெரிந்துகொள்ள வேண்டிய விஷயமில்லை.

இரண்டு வாரம் கழித்து மெம்ஃபிஸ் அணி டீக்கைக் கழற்றிவிட்டது. இடக்கைக்காரர்களை அவனால் அடிக்க முடியவில்லை என்று காரணம் எழுதியிருந்தார்கள். இடக்கைக்காரர்கள் என்று பன்மையில் எழுதியிருந்தாலும் அது நான் ஒருவன்தான். செய்தித்தாளைப் படித்துவிட்டு அன்று காலை நான் சாப்பிடவில்லை. அவனுக்கு ஃபோன் செய்ய எடுத்து மூன்று முறை வைத்துவிட்டேன். உன் பிழைப்பைக் கெடுத்தவன் பேசுகிறேன், சௌக்கியமா என்று எப்படி ஆரம்பிப்பது?

கவலைப்பட அவசியம் இருக்கவில்லை. அன்று மதியமே எங்கள் லூயிவில் அணி அவனை எடுத்துக்கொண்டது. அவனைப் போன்றவன் கழற்றிவிடப்பட்டு வீதியில் நின்றால் எடுக்காமல் விடுவதற்கு ஸ்கிப் முட்டாளில்லை. ஓர் ஆளை எடுத்தால் ஓர் ஆளுக்கு இடம் காலி செய்ய வேண்டும். யாரை என்று யோசிக்க அவர்களுக்கு அரை நிமிடம்கூட ஆகியிருக்காது. டீக் எங்கள் ஆளானபின் டீக்கை அவுட்டாக்குகிறவன் எதற்கு?

ஸ்கிப் இந்தத் தடவை காலை வாளியிலிருந்து எடுத்திருந்தார். அதிலேயே எனக்குப் புரிந்துவிட்டது.

"லைல், திருடனை நாமளே வேலைக்கு வச்சுக்கிட்டோம்."

"சரி, ஸ்கிப். பூட்டைக் கழட்டி வச்சுட்டுப் போறேன்."

"நல்ல பயல்டா நீ" என்றார். கண்ணைத் துடைத்துக்கொண்டார். வாளித் தண்ணீரில் போட்ட உப்பு என்று சொன்னார்.

பெட்டியைக் கட்டிக்கொண்டு வரும்போது வாசலில் டீக் தன் பெட்டியோடு உள்ளே வந்துகொண்டிருந்தான். இருவரும் நின்றோம்.

"உன் அலமாரியைத்தான் எனக்குக் கொடுத்திருக்காங்க" என்றான், தரையைப் பார்த்தபடி.

"மேல் தட்டு கொஞ்சம் ஆடும். காகிதத்தை மடிச்சு வச்சுக்கோ. முழங்கால் எப்படி இருக்கு?"

"பரவால்ல."

"நான் ஜெபம் பண்ணினேன்."

"மன்ரோ சொன்னான்" என்றான். என் தோளில் கை வைத்து அழுத்தினான். நல்லவேளையாக அது வலது தோள்.

டெர் ஹோட் ஊரில் இருக்கும் என் வீட்டுக்குப் போய், வேலியில் கழன்ற பலகைகளுக்கு ஆணி அடித்துக்கொண்டிருந்தேன். நாலாவது நாள் ஃபோன் வந்தது. மெம்ஃபிஸ் மேலாளர் கெல்லர். என்னைக் குடும்பப் பெயரால்தான் கூப்பிட்டார்.

"ப்ரூயிட், கையில வலி ஏதும் இருக்கா?"

"இல்ல. சுத்தியல்தான் தூக்கினேன்."

"செப்டம்பர்ல லூயிவில் இங்க வருது. அவங்ககிட்ட இப்போ அந்த டீக் இருக்கான். அவனை அவுட்டாக்க எங்ககிட்ட ஆள் இல்ல."

நான் சுத்தியலைக் கீழே வைத்தேன். பேஸ்பாலில் யாரும் வேண்டுமென்றே வேடிக்கை செய்வதில்லை. அது தானாகவே அமைந்துவிடுகிறது.

"நீங்கதானே அவனைக் கழட்டிவிட்டீங்க?"

"உன்னாலதான் கழட்டிவிட்டோம். அதனாலதான் உன்னைக் கூப்பிடுறேன்" என்றார் கெல்லர். அவருக்கு அதில் எந்த முரண்பாடும் தெரியவில்லை.

கிளம்புவதற்கு முன் ஒரு முடிவு எடுத்தேன். டீக்குக்கு என் நிஜப் பந்தைத்தான் போடுவேன், முழு பலத்தோடு. ஆனால் வாயை மூடிக்கொண்டு போடுவேன். அது தானம் ஆகாது. ஒரு மனிதன் இன்னொரு மனிதனுக்கு வாயை மூடிக்கொள்வது சாதாரண மரியாதைதான். ஜோலீன் வழி சொன்னாள்: நாலு சூயிங்கத்தை ஒன்றாகப் போட்டு மென்று, உருண்டையைக் கடவாய்ப் பல்லில் கடித்துக்கொண்டால் நாக்கு வெளியே வர வழியிருக்காது.

மெம்ஃபிஸில் அந்த வார ஆட்டங்களில் தோற்கிற அணிக்கு அந்த வருடம் முடிந்தது. அது அணிகளின் கவலை. எனக்கும் டீக்குக்கும் இருந்த கவலை வேறு. அவன் என்னிடம் மறுபடி வெறுங்கையோடு திரும்பினால் லூயிவில்லும் அவனை அனுப்பிவிடும், முப்பத்தெட்டு வயதுக்காரனை வேறு யாரும் எடுக்க மாட்டார்கள். அவன் அடித்துவிட்டால் அவனுக்காகவே கூப்பிட்ட என்னை மெம்ஃபிஸ் மறுநாளே அனுப்பிவிடும். இரண்டில் ஒருவன் அன்றோடு சரி.

எட்டாவது இன்னிங்ஸ். நாங்கள், அதாவது இப்போது மெம்ஃபிஸ், ஒரு ரன் முன்னால். இரண்டு பேர் அவுட், தளங்களில் யாருமில்லை. டீக் மட்டையோடு வந்தான். பட்டியில் ஃபோன் அடித்தது. நான் போனேன்.

மேட்டில் நின்று லூயிவில் பக்கம் பார்த்தேன். எல்லோரும் ஸ்கிப்பைப் பார்த்தார்கள். டீக்கும் திரும்பி அவரைப் பார்த்தான், மட்டையைக் கீழே வைக்கத் தயாராக. முப்பத்திரண்டுக்கு இரண்டு என்பதை ஸ்கிப்பை விட நன்றாக அறிந்தவர் கிடையாது. அவர் ஒரு வலக்கைக்காரனை அனுப்பினால் கதை அங்கேயே முடிந்தது. ஸ்கிப் விதையைத் துப்பினார். தொப்பியைக் கண் வரை இழுத்துவிட்டுக்கொண்டு, கைகளைக் கட்டி, சாய்ந்து உட்கார்ந்தார்.

டீக் மட்டையை உயர்த்தினான்.

சூயிங்கத்தைக் கடித்துக்கொண்டு சறுக்குப் பந்தைப் போட்டேன். நல்ல பந்து. டீக் அதை மட்டையால் உரசி ஆட்டக் கோட்டுக்கு வெளியே தள்ளினான். அவன் முகத்தில் ஒரு குழப்பம். என் வாயைப் பார்த்தான். நான் தாடையை இறுக்கினேன். இரண்டாவதும் உரசி வெளியே போனது. இரண்டு ஸ்ட்ரைக். அதற்குமேல் வெளியே தள்ளுகிற பந்துக்குக் கணக்கில்லை, மறுபடி வீச வேண்டியதுதான். வீசினேன். தள்ளினான். ஒன்று, அடிகாரனுக்கு எதிரே இருப்பதாக வைத்துக்கொள்கிற கட்டத்துக்கு வெளியே போனது, விட்டுவிட்டான். வீசினேன். தள்ளினான். என் பதினேழு வருடத்தில் ஒரே ஆளுக்கு ஆறு பந்துக்கு மேல் போட்டதில்லை. ஒன்பதாவது பந்தில் எனக்கு மூச்சு வாங்கியது. தாடை வலித்தது. பத்து, பதினொன்று. அதற்குள் மூன்று பந்து கட்டத்தைத் தவறவிட்டிருந்தது. அரங்கம் முழுக்க நின்றுகொண்டிருந்தது. பன்னிரண்டாவது பந்து கட்டத்தின் ஓரத்தை ஒரு மயிரிழையில் தவறவிட்டது. கட்டத்துக்கு வெளியே போன நாலாவது பந்து அது. அம்பயர் முதல் தளத்தைக் காட்டினார்.

நாலு பந்து கட்டத்துக்கு வெளியே போனால் அடிகாரன் முதல் தளத்துக்கு இலவசமாக நடந்து போகலாம். அதை அவன் அடித்ததாகவும் எழுத மாட்டார்கள், நான் அவுட்டாக்கியதாகவும் எழுத மாட்டார்கள். கணக்குப் புத்தகத்தைப் பொறுத்தவரை முப்பத்திரண்டுக்கு இரண்டு அப்படியே இருக்கிறது, நாங்கள் அன்று சந்திக்கவே இல்லை. டீக் முதல் தளத்துக்கு ஏதோ சர்ச்சுக்குள் போகிறவன் மாதிரி நடந்தான்.

என் வேலை முடிந்தது. கெல்லர் வந்து பந்தை வாங்கிக்கொள்ள வேண்டும். அவர் வரவில்லை. அடுத்து வலக்கைக்காரன். அவனுக்குப் போட வேண்டிய வீச்சாளன் பட்டியில் இன்னும் கையைச் சூடாக்கிக்கொண்டிருந்தான். கெல்லர் ஓரத்தில் நின்று எனக்கு ஒரு சைகை காட்டினார்: முதல் தளத்துக்குச் சும்மா இரண்டு மூன்று தடவை எறிந்து நேரத்தைக் கடத்து.

இது எல்லோரும் செய்வதுதான். தளத்தில் இருப்பவன் அடுத்த தளத்தை நோக்கிச் சில அடி தள்ளி நிற்பான். வீச்சாளன் முதல் தளக்காரனுக்குப் பந்தை எறிந்து, அவன் தொடுவதற்குள் இவன் திரும்பாவிட்டால் அவுட். ஆனால் நேரம் கடத்த எறியும்போது மெதுவாகத் தூக்கிப் போடுவோம். இவனும் நிதானமாகத் திரும்பிக் கால் வைப்பான். எறிகிறவனுக்கும் தெரியும், நிற்கிறவனுக்கும் தெரியும், பாப்கார்ன் விற்கிறவனுக்கும் தெரியும்.

இடக்கைக்காரன் மேட்டில் நின்றால் அவன் முகம் முதல் தளத்தைப் பார்த்துத்தான் இருக்கும். ஆக நானும் டீக்கும் நேருக்கு நேர் பார்த்துக்கொண்டு நின்றோம். நான் ஒன்றைத் தூக்கிப் போட்டேன். அவன் நடந்து திரும்பினான். இன்னொன்று. அவன் கொட்டாவி விடுவது போல வாயைக் காட்டினான். எனக்குச் சிரிப்பு வந்தது. சிரித்தபோது சூயிங்கம் உருண்டை தொண்டைக்குள் இறங்கிவிட்டது.

மூன்றாவது எறிவு. சத்தியமாக நான் மெதுவாகத்தான் எறிய நினைத்தேன். டீக் நாலடி தள்ளி, இடுப்பில் கை வைத்து நின்றிருந்தான். அவ்வளவு இடைவெளியை முதல் தளத்தருகே என் இடது கை அதுவரை பார்த்ததில்லை. கை என்னைக் கேட்கவில்லை. கையோடு நாக்கும் கேட்கவில்லை.

டீக் அதைப் பார்த்தான். முழுதாக, வெளிச்சத்தில், நேருக்கு நேர். பத்து வருடமாக அடக்கிவைத்திருந்தது எல்லாம் ஒரே நேரத்தில் வெடித்தது. முழங்காலில் கைகளை ஊன்றிக் குனிந்து சிரித்தான். பந்து அவனைத் தாண்டிப் போய், தளக்காரன் அதை எடுத்து அவன் முதுகில் வைத்தபோதும் சிரித்துக்கொண்டிருந்தான். அம்பயர் அவுட் என்றார். இன்னிங்ஸ் முடிந்தது. லூயிவில் பெஞ்சில் ஸ்கிப் தொப்பியால் முகத்தை மூடிக்கொண்டிருந்தார். தோள்கள் குலுங்கின. அழுகையா, சிரிப்பா என்று அங்கிருந்து தெரியவில்லை.

நான் மேட்டிலிருந்து இறங்கியபோது டீக் செம்மண்ணில் உட்கார்ந்திருந்தான்.

"மன்னிச்சுக்கோடா. தெரியாம வந்துடுச்சு" என்றேன்.

"கையா, நாக்கா?" என்றான். எழுந்திருக்கக் கை நீட்டினான். இழுத்துவிட்டேன். முழங்கால் மடமடவென்று சத்தம் போட்டது.

எங்களில் ஒருவன் தொலைந்தான் என்றுதான் இருவரும் நினைத்தோம். அதையும் சரியாகக் கணிக்க எங்களால் முடியவில்லை. குளிர்காலத்தில் லூயிவில் டீக்கை இன்னொரு வருடத்துக்கு வைத்துக்கொண்டது. ப்ரூயிட்டிடம் பன்னிரண்டு பந்து தாக்குப்பிடித்தான், இடக்கைக்காரர்களைச் சமாளிக்கக் கற்றுக்கொண்டான் என்று ஸ்கிப் எழுதியிருந்தாராம். மெம்ஃபிஸ் என்னை இன்னொரு வருடத்துக்கு வைத்துக்கொண்டது. முக்கியமான நேரத்தில் டீக்கை அவுட்டாக்கினான் என்று கெல்லர் எழுதினார். இரண்டும் உண்மை.

கிறிஸ்துமஸுக்கு நான் அவனுக்கு ஒரு முழங்கால் உறை அனுப்பினேன், கம்பளி, இடது காலுக்கு. அவனிடமிருந்து ஒரு பெட்டி வந்தது. பிரித்தால் உள்ளே சூயிங்கம், இருநூறு பொட்டலம். மேலே ஒரு சீட்டு: "ஏப்ரல்ல பார்ப்போம். வாயை மூடிக்கிட்டு வா."

ஜோலீன் ஒரு பொட்டலத்தை எடுத்துப் பிரித்து, அந்தச் சீட்டை என் கையிலிருந்து வாங்கிக் குளிர்சாதனப் பெட்டிக் கதவில் ஒட்டினாள். ஒட்டும்போது அவள் நாக்கு ஓரமாக வெளியே வந்திருந்தது. நான் ஒன்றும் சொல்லவில்லை.